பாவு எப்ப போட்டா?

இரண்டு வருடங்களுக்கு முன் ஒரு ஃபேன்டசி நாவல் எழுத உட்கார்ந்தேன். கதை ஒரு பக்கம்கூட வரவில்லை. மேஜிக் சிஸ்டம் மட்டும் 12 பக்கம் வந்தது. நாயகி மந்திரத் துணி நெய்பவள். சிவப்பு நூல் நெருப்பு, நீல நூல் நீர், வெள்ளை நூல் நினைவு. எது எதோடு சேர்ந்தால் என்ன ஆகும் என்று அட்டவணை வேறு. தறி ஓடும் வீட்டில் வளர்ந்த நண்பன் ஒருவனிடம் பெருமையாகக் காட்டினேன். பொறுமையாகப் படித்துவிட்டு ஒன்றே ஒன்று கேட்டான்: "எல்லாம் சரிடா, இந்தப் பொண்ணு பாவு எப்ப போட்டா?"

என் நாயகி, எதிரி வாசலில் வந்து நின்றதும் சட்டென்று நெய்து சுவர் எழுப்புகிறவள். நிஜத் தறியிலோ முதலில் நீளவாக்கு நூல் முழுவதையும் இழுத்துக் கட்டி, ஒவ்வொரு இழையாகக் கோத்தாக வேண்டும். அகலம், நீளம், நெருக்கம் எல்லாம் அப்போதே முடிவாகிவிடும். நாடா ஓடுவது அதற்கப்புறம்தான். பத்து வரிசைக்கு முன்னால் செய்த பிழையைத் திருத்த நினைத்தால் பத்தையும் பிரிக்க வேண்டும். நெய்த துணி சுருண்டுகொண்டே போவதால் நெய்கிறவர் கண்முன் இருப்பது கடைசிக் கொஞ்சம் மட்டுமே. இதில் எதுவும் என் அட்டவணையில் இல்லை. நான் கண்டுபிடித்தது கலர் கலராகப் பட்டன் வைத்த ஒரு ரிமோட்.

நான் மட்டுமல்ல. ராபர்ட் ஜோர்டன் 1990இல் தொடங்கிய 'தி வீல் ஆஃப் டைம்' தொடரில் மந்திரத்துக்குப் பெயரே நெசவுதான். நிலம், நீர், காற்று, நெருப்பு, ஆன்மா என்று ஐந்து வகை இழைகளைப் பின்னி வேண்டியதைச் செய்கிறார்கள். எனக்குப் பிடித்த தொடர், மறுக்கவில்லை. ஆனால் அங்கே யார் கையிலும் நூல் இல்லை. நெசவு அங்கே ஓர் உவமை. ஜோர்டன் இறந்தபின் அந்தத் தொடரை முடித்துக்கொடுத்த பிராண்டன் சாண்டர்சன்தான், மந்திரத்தை வாசகர் எவ்வளவு புரிந்துகொண்டிருக்கிறாரோ அவ்வளவுக்கே அதைக் கொண்டு கதையின் சிக்கலைத் தீர்க்கலாம் என்ற விதியை எழுதியவர். என் தலைமுறை அந்த விதியை மனப்பாடம் செய்துவிட்டது. அதனால்தான் 12 பக்கம்.

இதற்கெல்லாம் வெகுமுன்பே, 1979இல், டயானா வின் ஜோன்ஸ் 'தி ஸ்பெல்கோட்ஸ்' எழுதிவிட்டார். நாம் படிக்கும் நாவலே இரண்டு மேலங்கிகளில் நெய்யப்பட்ட எழுத்து. நெய்தவள் டானக்வி என்கிற சிறுமி. அப்பாவும் அண்ணனும் போருக்குப் போகிறார்கள். அப்பா திரும்பவில்லை; அண்ணன் திரும்புகிறான், ஆனால் உள்ளே ஆள் இல்லை. ஊரார் இந்தப் பிள்ளைகளின் முகத்தையும் முடியையும் பார்த்து, படையெடுத்து வந்தவர்களின் சாயல் என்று துரத்துகிறார்கள். வெள்ளம் வந்த ஆற்றில் படகேறித் தப்பிக்கிறார்கள். ஒரு பழைய ஆலையில் ஒதுங்கி இருக்கும்போது டானக்வி நடந்ததையெல்லாம் நெய்யத் தொடங்குகிறாள். மந்திரம் செய்யும் எண்ணமே கிடையாது. சொல்லியே ஆக வேண்டும், அவ்வளவுதான்.

இங்கேதான் என் நண்பனின் கேள்விக்குப் பதில் கிடைத்தது. முதல் அங்கியை நெய்யும்போது நடந்ததில் பாதி அவளுக்கே புரியவில்லை. தவறாகப் புரிந்துகொண்டதும் துணியில் ஏறிவிடுகிறது. பின்னால் போய் அழிக்க முடியாது. இரண்டாம் அங்கிக்கு வரும்போது, தான் முதலில் நெய்ததையே எடுத்துவைத்துப் படித்துப் படித்துத்தான் தன் கையில் என்ன இருக்கிறது என்று கண்டுபிடிக்கிறாள். சக்தி அவளிடம் இருந்தது, அறிவு துணியிடம் இருந்தது. கட்டப்பட்டுக் கிடக்கும் ஒரு தெய்வத்தை அவிழ்க்க அவளிடம் உள்ள ஒரே வழி, நடந்ததை விடாமல் சொல்லி முடிப்பது. விதியெல்லாம் இருக்கிறது. ஆனால் யாரும் வகுப்பெடுப்பதில்லை; அவளோடு சேர்ந்து நாமும் துணியைத் தடவித்தான் தெரிந்துகொள்கிறோம்.

வில்லன் கான்க்ரெடினும் இதே தொழில்தான். ஆற்று முகத்துவாரத்தில் உட்கார்ந்து இறந்தவர்களின் ஆன்மாக்களை வலைபோட்டுப் பிடிக்கிற மந்திரவாதி. அவன் உடுப்பிலும் நெய்த சொற்கள். டானக்வி அவன் எதிரே நின்று அந்த உடுப்பை வாசிக்கும் காட்சி இருக்கிறதே, ஃபேன்டசியில் நான் படித்த மோதல்களில் ஆகப் பயங்கரமானது அதுதான். கத்தி இல்லை, மின்னல் இல்லை. ஒரு பெண் குழந்தை எழுத்துக்கூட்டிப் படிக்கிறாள். அவன் நெய்திருப்பது பிறரைப் பிடிப்பதற்கான சொற்கள். அவள் நெய்வது தன் வீட்டில் நடந்தது. அதே நூல், அதே எழுத்து. நல்ல மந்திரம், கெட்ட மந்திரம் என்று நிறம் பிரித்துக் கொடுக்காமல், யாரைப் பற்றி, எதற்காக என்ற கேள்வியை மட்டும் ஜோன்ஸ் விட்டுவைக்கிறார். போரில் உடைந்த அண்ணனைப் பற்றி ஒரு ராஜாவும் பதிவு செய்யப் போவதில்லை. தங்கச்சிதான் நெய்ய வேண்டும்.

ஓவிட் சொல்லும் ஃபிலோமெலா நினைவுக்கு வந்தாள். பலாத்காரம் செய்தவன் நாக்கை அறுத்த பிறகு, நடந்ததைத் துணியில் நெய்து அக்காவுக்கு அனுப்பியவள். அங்கே மந்திரமே தேவைப்படவில்லை. அக்கா படித்தாள், போதும். நம் ஊரில் நூல் என்றால் புத்தகமும்தான். நன்னூல்காரர் சொல்லைப் பஞ்சாகவும் புலவனை நூற்கும் பெண்ணாகவும் வைத்து உவமை சொல்லியிருக்கிறார். ஆனால் அது நூற்பு. நெசவு அடுத்த கட்டம். (இந்தத் திருத்தமும் நண்பனுடையதே.)

குறை இல்லாமல் இல்லை. இரண்டு அங்கியில் இத்தனை வசனம் எப்படி நெய்ய முடியும்? முடியாது. சண்டை சச்சரவு, கிண்டல் எல்லாம் சொல்லுக்குச் சொல் வருகிறது. அந்த அங்கியைப் போட்டுக்கொள்ள ஒரு யானை வேண்டும். தெய்வங்களில் யார் யாருக்கு என்ன உறவு என்பது கடைசிப் பகுதியில் அவசரமாக அவிழ்கிறது. எனக்கு இரண்டு முறை திருப்பிப் படிக்க வேண்டியிருந்தது. இரண்டாம் முறை கோபம் குறைந்தது, முழுதாகப் போகவில்லை.

டேல்மார்க் வரிசையில் இது மூன்றாவதாக வந்த புத்தகம். கதை நடக்கும் காலமோ மற்றவற்றுக்கு வெகுமுந்தையது. அதனால் இதிலிருந்தே தொடங்கலாம். கடைசியில், பல நூற்றாண்டு கழித்து அந்த அங்கிகளைப் பரிசோதிக்கும் ஓர் ஆய்வாளரின் குறிப்பு இருக்கிறது. நாம் கூடவே படகில் வந்த பிள்ளைகளை அவர் தொல்பொருளாகப் பேசுவார். தயவுசெய்து முன்னாலேயே அதைப் புரட்டிப் பார்த்துவிடாதீர்கள்.