டோரிஸ் பிடித்த முகங்கள்

போட்டோப் பிடிப்பது ஒரு கலையா, அன்றி வெறுங் கைத்தொழிலா என்று கேட்போர் இன்னும் உளர். அவ்வழக்கைத் தீர்க்க நாம் இங்கு முன்வரவில்லை. அதனினும் முக்கியமாக நமக்குத் தோன்றும் கேள்வி வேறு: கருவியின் முன் வந்து நிற்கும் மனிதருக்குப் படம் பிடிப்பவன் செலுத்தவேண்டிய மரியாதை யாது? பணங் கொடுத்தவரை அழகராக்கித் தருவதா? உள்ளது உள்ளவாறு காட்டுவதா? பணமே கொடாமல் தெருவோரத்தில் நிற்கும் ஏழைக்கு அவன் என்ன கடமைப்பட்டிருக்கிறான்? ஆடை களைந்து நிற்கும் பெண்ணுக்கு என்ன கடமைப்பட்டிருக்கிறான்? இவையனைத்தையும் ஒரே மனிதரின் வாழ்நாட் பணியில் வைத்துப் பார்க்க இடமுண்டு. அம்மனிதர் போலந்து தேசத்தவரான பெனெடிக்ட் யெஷி டோரிஸ்.

1901-ம் ஆண்டில் காலிஷ் நகரில் அவர் பிறந்தார். யூத குலத்தவர், ரோட்டன்பர்க் என்பது குடும்பப் பெயர். டோரிஸ் என்பது அவர் தாமே பூண்டுகொண்ட பெயர். அவர் பிறந்தபோது உலகப் படத்தில் போலந்து என்றொரு நாடே இல்லை. ரஷ்யா, ஜெர்மனி, ஆஸ்திரியா ஆகிய மூன்று பேரரசுகளும் அதைப் பங்கிட்டுக்கொண்டிருந்தன. காலிஷ் நகரமோ ரஷ்ய ஜாரின் ஆட்சியில் மேற்கெல்லையில் இருந்தது. 1914-ம் ஆண்டு ஆகஸ்டில், யுத்தம் தொடங்கிய சில நாட்களுக்குள்ளாகவே, ஜெர்மன் படையினர் அந்நகரைக் குண்டு வீசித் தீயிட்டு அழித்தனர். டோரிஸுக்கு அப்போது பன்னிரண்டு, பதின்மூன்று வயதிருக்கும். 1918-ல் போலந்து விடுதலை பெற்றது. வாலிபராகிய டோரிஸ் புது நாட்டின் தலைநகராகிய வார்ஸாவையே தம் ஊராக்கிக்கொண்டார். 1929-ம் ஆண்டில், யெரோஜோலிம்ஸ்கி அவென்யூ என்னும் அந்நகரத்துப் பெருவீதியில், சொந்த ஸ்டூடியோவைத் திறந்தார்.

அந்த ஸ்டூடியோ வெகு விரைவில் பெயர் பெற்றது. நாடகமேடையும் சினிமாவும் பத்திரிகைகளும் பெருகிய காலம் அது. முகத்தால் பிழைக்கும் கூட்டமொன்று ஐரோப்பிய நகரங்கள்தோறும் எழுந்தது. அம்முகங்களை வீடுதோறும் கொண்டுசேர்க்க ஒருவர் தேவைப்பட்டார். வார்ஸாவில் அவ்வேலை டோரிஸிடம் வந்தது. பாடகியும் நடிகையுமாகிய ஹங்கா ஓர்தொனுவ்னா முதலிய மேடைத் தாரகைகளும் எழுத்தாளரும் செல்வர் வீட்டுச் சீமாட்டிகளும் அவர் முன் வந்தமர்ந்தனர். வெளிச்சத்தை எங்கே வைக்கவேண்டும், கன்னத்தின் எப்பகுதியை நிழலுக்கு விடவேண்டும், கைவிரல்கள் எங்கே தங்கவேண்டும் என்பவற்றில் அவருக்கு ஐயமே எழுவதில்லை. அப்படங்களைப் பார்க்கும்போது அமெரிக்கச் சினிமாக் கம்பெனிகளின் விளம்பரப் படங்களே நம் நினைவுக்கு வருகின்றன. இது புகழ்ச்சியும் ஆகும், குறையும் ஆகும்.

ஏன் குறை என்கிறோம் என்பதைச் சற்று விளக்கவேண்டும். அக்காலத்துப் பெரிய ஸ்டூடியோக்களில், படம் பிடித்தபின்னரே பாதி வேலை தொடங்கும். நெகடிவ் தகட்டில் கருப்பு வெள்ளையாகவும், வெள்ளை கருப்பாகவும் தெரியும் என்பதை வாசகர் அறிவர். முகத்திலுள்ள சுருக்கம் நெகடிவில் வெளிறிய கோடாக நிற்கும். கூரிய பென்சிலால் அக்கோட்டை மெல்ல மெல்ல அடைத்துவிட்டால், அச்சிடும்போது சுருக்கம் மறைந்துபோம். வேண்டாத இருளைச் சேர்க்கவேண்டுமாயின் சிறு கத்தியால் தகட்டின் மேற்பூச்சைச் சுரண்டுவர். இதற்கு டச்சிங் என்று பெயர். ஐம்பது வயது மாது ஒருத்தி முப்பது வயதினளாக வீடு திரும்புவாள். அவளுக்கும் மகிழ்ச்சி, ஸ்டூடியோக்காரருக்கும் பணம். ஆனால் அவளுடைய இருபதாண்டு வாழ்வை அப்பென்சில் தின்றுவிட்டது! படத்தின் கீழே பெயர் இருக்கிறது. மேலே இருக்கவேண்டிய ஆள் பாதிதான் இருக்கிறாள்.

இவ்விடத்தில் அதே நாட்டவரும் அதே காலத்தவருமாகிய ஒரு விசித்திர மனிதரை நினைக்காமலிருக்க முடியவில்லை. ஸ்டானிஸ்லாவ் இக்னாட்சி வித்கியெவிச் என்பது அவர் பெயர். வித்காட்ஸி என்று தமக்குத் தாமே பெயர் சூட்டிக்கொண்டார். நாடகாசிரியர், ஓவியர், தத்துவ நூல் எழுதியவர். உருவப்படம் வரைந்து கொடுக்கும் கம்பெனி ஒன்றை நடத்தி, 1928-ல் அதற்கு விதிகளையும் அச்சிட்டார். படம் எவ்வளவு கோரமாய் இருந்தாலும் வாடிக்கைக்காரர் குறை கூறுவது அறவே கூடாது என்பது அவ்விதிகளுள் ஒன்று. படங்களை அவர் வகை வகையாய்ப் பிரித்து வைத்தார். நாவால் நக்கி வழவழப்பாக்கியது போன்ற படம் முதல் வகை. அதற்கே விலை அதிகம். மதுவும் போதைப் பொருளும் அருந்திக்கொண்டு வரைந்தவை மற்றொரு வகை. இது கேலிக்கூத்துப் போலத் தோன்றலாம். எனினும் முகத்துக்குச் செய்யும் அலங்காரம் எவ்வளவு, அதன் விலை எவ்வளவு என்று வெளிப்படையாகச் சொல்லி விற்ற வியாபாரி அவர் ஒருவரே என்போம். மற்றையோர் அதையே கலை என்ற பெயரில் விற்றனர். டோரிஸும் வழவழப்பான முதல் வகையைத்தான் விற்றார். ஆனால் அதை அவரைவிட நன்றாகச் செய்தவர் அந்நகரில் அரியர்.

இனி, பலரும் பேசக் கூசும் பகுதிக்கு வருவோம். டோரிஸ் நிர்வாணப் படங்களும் பிடித்தார். அவை கலைப்படங்களாகவே போற்றப்பட்டன. இச்செய்தியைக் கேட்டவுடன் காதைப் பொத்திக்கொள்ளும் சனாதனியும், கண்ணை அகல விரிக்கும் காமுகனும் ஒரே தவறைச் செய்கின்றனர் என்பது நம் கருத்து. இருவரும் ஆடையில்லாமையை மட்டுமே பார்க்கின்றனர். மனித உடல் தன்னளவில் இழிந்ததன்று. அதை இழிவாக்குவது பார்க்கும் பார்வை. பிடிப்பவன் அப்பார்வைக்கு இடங்கொடுக்கிறானா என்பதே ஆராயத்தக்கது.

இரு யுத்தங்களுக்கும் இடைப்பட்ட காலத்தில் ஐரோப்பிய ஸ்டூடியோக்களில் இதற்கென ஒரு மரபு இருந்தது. பின்னால் இருண்ட திரை. பக்கத்திலிருந்து விழும் ஒளி. தோளும் முதுகும் இடையும் சலவைக்கல் போல் வளைந்து நிற்கும். முகம் அப்பால் திரும்பியிருக்கும் அல்லது நிழலில் கரைந்திருக்கும். சிற்பி கல்லில் செய்வதை ஒளியால் செய்வதே நோக்கம். டோரிஸ் அம்மரபினர். அவர் படங்களில் ஆபாசம் இல்லை. அதை நாம் தயங்காமல் கூறுவோம். ஆனால் வேறொன்றும் இல்லை: அவள் யார் என்பது இல்லை. அக்காலத்தில் இத்தகைய படங்களுக்குப் பொதுவாக இடப்பட்ட தலைப்பு, நிர்வாணப் படம் என்று பொருள்படும் 'ஆக்ட்' என்ற போலிஷ் சொல் ஒன்றே. சீமாட்டியின் படத்துக்குப் பெயருண்டு. ஆடை களைந்தவளுக்கு இல்லை. இதை அவமதிப்பு என்று உடனே தீர்ப்புக் கூறவும் நாம் துணியவில்லை. பெயரை மறைத்ததே அவளுக்குக் காப்பாகவும் இருந்திருக்கலாம். ஊர் வாய்க்கு அஞ்சவேண்டிய நிலை எந்நாட்டுப் பெண்ணுக்கும் உண்டு. எனினும் சலவைக்கல்லாகும்படி ஒரு மனுஷியைக் கேட்பதும், சீமாட்டியின் சுருக்கத்தைப் பென்சிலால் அழிப்பதும் வெகு தூரத்துச் சரக்குகள் அல்ல. இரண்டிலும் வாழ்ந்த தடம் துடைக்கப்படுகிறது.

இவ்வளவோடு அவர் பணி முடிந்திருந்தால் அவரைப்பற்றி இக்கட்டுரை எழுதியிரோம். கைதேர்ந்த ஸ்டூடியோக்காரர்கள் எந்நாட்டிலும் உண்டு. 1931, 1932-ம் ஆண்டுகளில் அவர் வார்ஸாவைவிட்டுச் சற்றுத் தூரம் சென்று செய்த வேலையே நம்மை அவரிடம் இழுத்தது.

விஸ்துலா ஆற்றங்கரையில் கஸிமியெஷ் என்றொரு சிற்றூர் உண்டு. சதுரமான சந்தைவெளி, நடுவே கிணறு, 1615-ல் கட்டிய சிற்ப வேலைப்பாடுள்ள வணிகர் மாளிகைகள், குன்றின்மேல் இடிந்த கோட்டை. கோடை வந்துவிட்டால், வார்ஸா ஓவியக் கல்லூரி ஆசிரியர் தாதெயுஷ் புருஷ்கோவ்ஸ்கி தம் மாணாக்கரை அங்கே அழைத்துவருவார். சந்து பொந்தெல்லாம் சித்திரப் பலகைகள் முளைக்கும். அவ்வூர் மக்களில் ஏறக்குறையப் பாதிப்பேர் யூதர்கள். நூற்றாண்டுகளாய் அங்கேயே வாழ்ந்தவர்கள், பெரும்பாலும் ஏழைகள். ஓவியர்களுக்கு அந்த வறுமையும் ஓர் அழகாய்த் தெரிந்தது. சாய்ந்த கூரை, வளைந்த கிழவன், கிழிந்த கறுப்பு அங்கி எல்லாம் வர்ணத்துக்கு வாய்ப்பான பொருள்களே! 1936-ல் யூதர் பேசும் இத்திஷ் மொழியில் பிடில் வாசிக்கும் பெண்ணைப் பற்றி எடுத்த பாட்டுச் சினிமாப் படம் ஒன்றின் காட்சிகள் பலவும் அங்கேதான் பிடிக்கப்பட்டன.

அந்த ஊரில்தான் தாரகைகளின் படப்பிடிப்பாளர், தம் விளக்குகளையும் திரைகளையும் விட்டுவிட்டு, கருவியோடு தெருவில் நடந்தார். யாரையும் நாற்காலியில் அமரச் சொல்லவில்லை. சந்தையில் நிற்போர், வாயிற்படியில் குந்தியிருப்போர், சுமை தூக்குவோர், வெறுங்காலோடு திரியும் சிறுவர், பெயர்ந்து விழும் சுவர்கள், சேறு ஆகியவையே அவர் பிடித்தவை. பென்சில் அங்கே வேலை செய்யவில்லை. சுருக்கம் சுருக்கமாகவே இருக்கிறது. கிழிசல் கிழிசலாகவே இருக்கிறது. போலந்து தேசத்தில் ஒரு சமூகத்தின் அன்றாட வாழ்வைத் தொடர்ச்சியாகப் படமாக்கிய முதல் முயற்சிகளில் ஒன்றாக இதை அந்நாட்டு ஆராய்ச்சியாளர் மதிக்கின்றனர்.

அவர் காலத்தில் போலந்துப் போட்டோக்காரர்களின் குருவாய் விளங்கியவர் யான் புல்ஹாக் என்பவர். பனி மூடிய வயல்களும் மாதாகோயிற் கோபுரங்களும் அவர் உலகம். ஓவியத்தோடு போட்டி போடும் மென்மையான படங்களையே அவரும் அவர் வழிவந்தோரும் நாடினர்; அக்கலைக்கு 'போட்டோகிராபிக்கா' என்று புதுப்பெயரும் வைத்தார். அத்தகைய காலத்தில், மென்மையுமின்றி மூட்டமுமின்றி ஒரு சேற்றுத் தெருவைக் காட்டுவது எளிதான காரியமன்று.

இங்கே ஒரு தடையையும் நாம் எழுப்பத்தான் வேண்டும். தலைநகரிலிருந்து வந்த வசதியுள்ளவர் ஒருவர், ஏழைகளைப் பிடித்துக்கொண்டு திரும்பிப் போனார். இதில் ஓவியர்கள் செய்ததிலிருந்து என்ன வேறுபாடு என்று கேட்கலாம். கேள்வி நியாயமானதே. அவரும் யூதர் என்பது மட்டும் விடையாகாது. தம் குலத்தவரையே கண்காட்சிப் பொருளாக்கியோர் உண்டு. நமக்கு விடையாய்த் தோன்றுவது படங்களின் உள்ளேயே இருக்கிறது. இந்த வறுமையை அவர் கெஞ்சவும் விடவில்லை, ஆடவும் விடவில்லை. மனிதர்கள் தம் வேலையில் இருக்கிறார்கள். நம் இரக்கத்தை அவர்கள் எதிர்பார்த்து நிற்பதாகத் தோன்றவில்லை. ஹங்கா ஓர்தொனுவ்னாவுக்குக் கிடைக்காத ஒன்று அக்கடைத்தெருக் கிழவனுக்குக் கிடைத்துவிட்டது: அவன் முகம் முழுவதும். கிடைக்காதது பெயர். அப்படங்களில் உள்ளோர் பெரும்பாலும் பெயரில்லாமலே நம்மிடம் வந்து சேர்ந்திருக்கின்றனர்.

1939-ல் ஜெர்மானியர் வந்தனர். 1942-ல் கஸிமியெஷ் யூதர்கள் ஊரைவிட்டுத் துரத்தப்பட்டு, ஓபோலே என்னும் ஊரின் வழியாகப் பெல்ஜெட்ஸ் கொலைமுகாமுக்கு அனுப்பப்பட்டனர். அம்முகாமுக்குச் சென்று உயிரோடு மீண்டவர்கள் விரல்விட்டு எண்ணத்தக்கவர்களே. 1944-ல் வார்ஸா மக்கள் எழுச்சி செய்து தோற்றபின், ஜெர்மானியர் அந்நகரை வீடு வீடாய் எரித்தும் வெடி வைத்தும் தரைமட்டமாக்கினர். புல்ஹாக் வில்னாவில் பல்லாண்டுகள் சேர்த்துவைத்திருந்த தகடுகளும் அதே ஆண்டில் எரிந்தொழிந்தன. ஆனால் கஸிமியெஷ் படங்கள் தப்பிவிட்டன, டோரிஸும் தப்பினார்.

யுத்தத்துக்குப் பின் அவர் வார்ஸாவில் மீண்டும் ஸ்டூடியோ நடத்தினார். 1947-ல் புல்ஹாக் தலைமையில் போட்டோக் கலைஞர் சங்கம் நிறுவப்பட்டபோது நிறுவியோரில் அவரும் ஒருவர். பிரபலமானவர்களைப் பிடிக்கும் தொழிலும் தொடர்ந்தது. 1931-லும் 32-லும் பிடித்தவையோ 1960-ல்தான் நூலாக வெளிவந்தன. பிடித்தபோது அவை ஓர் ஏழை ஊரின் படங்கள். நூலானபோது இல்லாமற்போன ஒரு சமூகத்தின் படங்கள். டோரிஸ் அவற்றில் ஒரு கோட்டையும் மாற்றவில்லை; பொருள் மட்டும் தானே மாறிவிட்டது. இன்று அவருடைய படங்கள் வார்ஸா தேசியப் புத்தகசாலையில் இருக்கின்றன. தாரகைகளும் அங்கே இருக்கிறார்கள், சந்தைக்காரர்களும் இருக்கிறார்கள்.

கஸிமியெஷ் யூதர்களின் இடுகாட்டுக் கற்களை ஜெர்மானியர் பெயர்த்தெடுத்துத் தம் அலுவலக முற்றத்தில் நடைபாதையாகப் பாவினார்கள். யுத்தம் முடிந்து நெடுங்காலம் கழிந்தபின், அக்கற்களைச் சேர்த்து, 1984-ல் ஊருக்கு வெளியே ஒரு சுவர் எழுப்பினர். சுவரின் நடுவே மேலிருந்து கீழாக ஒரு பிளவு விட்டிருக்கின்றனர். அந்தக் கற்களில் எழுதியிருப்பவை பெயர்கள். அவற்றுக்கு முகமில்லை. அச்சுவர் எழும்பியபின் ஆறாண்டுகள் டோரிஸ் உயிரோடிருந்தார்.