அறுமீனும் அகக்கனவும்

விண்மீன் ஒன்று தன்னைச் சூழ வாழ்வார் உறக்கத்துட் கனவுகளைச் செலுத்தி, அக்கனவுகளின் வழியே அவர்தம் வழிபாட்டையும் விழாவையும் உருவாக்கும் என்பது புனைகதைகளில் வைத்துச் சொல்லப்படும் ஒரு கருத்து. தமிழில் அத்தகைய மீன் உண்டோ என வினவுவார்க்குக் கார்த்திகையையே பலரும் காட்டுவர். காட்டுதற்குக் காரணமும் உண்டு. திண்டுக்கல்லிலிருந்து பழனிக்குச் செல்லும் வழியில் உள்ளது ஒட்டன்சத்திரம். தைப்பூசத்தை ஒட்டிய நாள்களில் அங்கு இருள் பரவும் வேளையில் நிற்பவர், காவடி சுமந்து நடந்து செல்லும் அடியவரையும், அவர் தலைக்கு மேல் சற்றே வடக்கில் அறுமீன் கூட்டத்தையும் ஒருங்கே காணலாம். அம்மீனை முருகனுக்குப் பாலூட்டிய மகளிராக எண்ணாது நோக்குவார் அவ்வழியில் அரியர். இவ்வெண்ணம் நம் உள்ளத்தில் ஆழ வேரூன்றியமையால், சங்கப் பாடலில் அறுமீன் வருமிடமெல்லாம் முருகனே குறிப்பாற் சுட்டப்பட்டான் எனவும், மாந்தர் வாழ்வை அம்மீன் நடத்துவதாகப் பண்டையோர் நம்பினர் எனவும் கொள்ளத் தோன்றும். இவ்விரு கொள்கையும் பொருந்தாமையை அகநானூற்றின் 141ஆம் பாடலைக் கொண்டு ஈண்டு ஆராய்கின்றோம்.

மணிமிடை பவளத்துள் அமைந்த இப்பாலைப் பாட்டு நக்கீரர் பாடியது. பொருள்வயிற் பிரிந்த தலைவன் இன்னும் மீளவில்லை. தலைவி தோழியை விளித்துத் தன் கனவுகள் இரவுதோறும் இனியவாய் அமைகின்றன என்கின்றாள். நனவில் மனையிடத்துப் புள் நிமித்தமும் நன்றாக உள்ளது. நெஞ்சும் மகிழ்ந்து தங்குகின்றது. இவை மூன்றும் சொல்லி முடித்த பின்னரே வானம் பேசப்படுகின்றது. மழை நீங்கிய விசும்பில் முழுமதி அறுமீனைச் சேரும் நள்ளிரவு, தெருவெல்லாம் விளக்கு, மாலைகள் தூங்குகின்றன, பழைய ஊரில் பலரும் கூடி எடுக்கும் அவ்விழாவிற் கலந்துகொள்ள அவர் வருவாராக என விழைகின்றாள்.

இவ்வைப்பு முறையே எம் ஆராய்ச்சிக்கு அடிப்படை. தொல்காப்பியர் புறத்திணையியலில் நாளையும் புள்ளையும் நிமித்த வகையில் ஒருங்கு வைத்துப் பேசுவார். நக்கீரரோ புள்ளைக் கனவோடும் நெஞ்சோடும் சேர்த்து நிமித்தமாக்கி, நாள்மீனை அவ்வரிசையினின்றும் பிரித்துவிட்டார். மீன் கனவைத் தந்தது என்றேனும், கனவின் பயனை மீன் உறுதி செய்யும் என்றேனும் தலைவி கூறிற்றிலள். கனவு அவள் ஒருத்திக்கே உரியது. அறுமீன் ஊரார் அனைவர்க்கும் பொதுவானது. யாவரும் அறிந்த ஒரு தவணை. தன் உறக்கத்துட் கண்ட இனிமை ஊரறியத் தெருவிளக்கின் ஒளியில் மெய்யாதல் வேண்டும் என்பதே அவள் வேட்கை. மீன் கனவைச் செலுத்துகிறது என்னும் கருத்துக்கு இது நேர் மாறு. இங்குக் கனவே மீனை நோக்கிச் செல்கின்றது.

பாட்டின் பிற்பகுதியும் இதற்கு அரண் செய்யும். கரிகாலனது இடையாறு போன்ற செல்வத்தைக் கொணரவே தலைவன் பிரிந்தான். ஆனால் அவள் சொல்லில் வளம் பெறுவது மனைவாழ்வே. புதுமணப் பெண் பாலுலை ஏற்றுகின்றாள். மகளிர் நெற்கதிர் முறித்துப் பாசவல் இடிக்கின்றனர். உலக்கை ஒலிக்கு அஞ்சிய சூல்கொண்ட வெண்குருகு வாழை மடலில் தங்காது மாமரத்திற்குப் பறக்கின்றது. வானத்து மீனைக் காட்டிலும் இக்குருகின்மேல் புலவர் கண் நெடிது தங்கியது என்றே எமக்குத் தோன்றுகின்றது.

விழாவைக் கூறுமுன் உழுதொழில் ஓய்ந்து நாஞ்சில் ‘துஞ்சியது’ என்கிறார் புலவர். கலப்பைக்கு உறக்கம் தந்த இச்சொல்லை மனத்திற் கொண்டு புறநானூற்று 229ஆம் பாடலுக்குச் செல்வோம். கோச்சேரமான் யானைக்கட்சேஎய் மாந்தரஞ்சேரல் இரும்பொறை துஞ்சிய இடத்துக் கூடலூர் கிழார் பாடியது அது. அதன் குறிப்பில் துஞ்சுதல் சாக்காடு. பங்குனித் திங்களின் ஓர் இரவில் விண்மீன் ஒன்று எரிந்து வீழ்ந்தது. கண்ட இரவலர் தம் வேந்தன் நோயின்றி இருத்தல் வேண்டுமென அஞ்சினர். ஏழாம் நாள் அவன் இறந்தான். மீன் வீழ்ந்த பொழுதினைப் புலவர் நாள்மீன்களைக் கொண்டு கணித்துரைக்கின்றார். அக்கணக்கில் அழல் என்னும் பெயரால் வருவது கார்த்திகையே என்பது பழைய உரையால் விளங்கும்.

அகத்தில் விழவிற்குப் பொழுது குறித்த அதே மீன் புறத்தில் இறப்பிற்குப் பொழுது குறித்தது. இரண்டிடத்தும் அது தானாக எதனையும் செய்யவில்லை; வீழ்ந்த மீனும் வேறொன்று. அஞ்சுவதோ மகிழ்வதோ கண்டவர் நெஞ்சின் தொழில். அதற்கு வழி வகுப்பது திணை. நற்றிணை 202ஆம் பாடலில் பூத்த கோங்கங் காட்டிற்கு உவமையான கார்த்திகை விளக்கு, களவழி நாற்பதில் போர்க்களக் குருதிக்கு உவமையாயிற்று. இதனையும் ஒப்பு நோக்குக.

மீனும் கனவும் ஒன்றனுள் ஒன்று புகுந்தமை காண வேண்டின் சிலப்பதிகாரத்திற்கே வருதல் வேண்டும். வழக்குரை காதையில் கோப்பெருந்தேவி கண்ட தீக்கனவில் இரவில் வானவில் தோன்றுகின்றது. பகலில் மீன் வீழ்கின்றது. கூடலூர் கிழார் அத்துணை நுட்பமாகக் கணித்த பொழுது இக்கனவில் முற்றும் குலைந்துவிட்டது. ஆயினும் ஈண்டும் மீன் கனவின் விளைவிடமன்று. கனவினுட் காணப்படும் பொருளேயாம்.

இனி முருகனைப் பற்றிய வினா. வடமீனாகிய அருந்ததி ஒழிய எஞ்சிய அறுவர் முருகனைப் பயந்த கதை பரிபாடல் ஐந்தாம் பாட்டில் விரிவாக உள்ளது. எழுவரில் ஒருத்தி மறைந்தாள் எனக் கிரேக்கரும் இம்மீன் கூட்டத்திற்குக் கதை கூறினர். கண்ணுக்கு ஆறாகத் தோன்றுவதே இரு கதைக்கும் வித்தாதல் கூடும். திருமுருகாற்றுப்படையும் அறுவர் பயந்தமை கூறி, ஆவினன்குடியையும் பாடும். அகப்பாடல் புலவர் பழனி மலையை அறியாதவரல்லர். அகநானூற்று முதற்பாட்டிலேயே மாமூலனார் பொதினியைப் பாடி, அதன் தலைவனாகிய ஆவியை முருகனோடு ஒப்பிடுகின்றார். ஆனால் அங்கு அறுமீன் இல்லை. நக்கீரர் பாட்டில் அறுமீன் உண்டு, முருகன் இல்லை. மலையும் மீனும் இவ்விரு பாடல்களிலும் தனித்தனியே நிற்கின்றன. இன்று ஒட்டன்சத்திரத்து மனைவாயிலில் ஏற்றும் அகல்விளக்கு முன்னைய மரபையும், முருகன் கோயில்களில் கொளுத்தும் சொக்கப்பனை பின்னைய மரபையும் பெரிதும் ஒத்தன. ஒரே நாளில் ஏற்றப்படுதலின் அவற்றை ஒன்றெனக் கருதுகின்றோம்.

திருமுருகாற்றுப்படையின் ஆசிரியரும் நக்கீரர் என்றே வழங்கப்படுதலின், இங்கு ஒரு தடை எழும். அறுவர் கதையைப் பாடியவர் அகப்பாட்டில் அதனை ஏன் விடுத்தார்? இருவர் வேறு எனக் கொள்வார் இம்மௌனத்தைத் தமக்குச் சான்றாக்கலாம். எம் கருத்து அதுவன்று. கணவன் வரவை எண்ணிக் கிடப்பவள் வாயில் அறுமீனுக்குத் தெய்வக்கதை வேண்டுவதில்லை. அவர் வரக்கூடிய நாள் அது என்பதே அவளுக்குப் போதும். ஒருவரே பாடியிருப்பினும் இவ்விடத்து இவ்வாறே பாடியிருப்பார். ஆதலின் ஆசிரியர் ஒருவரோ இருவரோ என்னும் வழக்கிற்கு இப்பாட்டைச் சான்றாக இருதிறத்தாரும் கொள்ளுதல் இயலாது.