ஒரு வார இடைவெளி

கே. பாலசந்தரைப் பற்றிப் பேசுகிறவர்கள் பெரும்பாலும் சினிமாவோடு நிறுத்திக்கொள்கிறார்கள். 2014 டிஸம்பரில் அவர் மறைந்தபோது நான் படித்த அஞ்சலிகளும் அப்படித்தான். டெலிவிஷன் அவருக்கு ஓய்வுகாலக் காரியம் என்கிற தொனி. எனக்கு இது சரியென்று படவில்லை.

1974-ல் அவர் எடுத்த படத்துக்கு 'அவள் ஒரு தொடர்கதை' என்று பெயர். கடைசியில், கல்யாணம் கைநழுவி, கவிதா மறுபடி ஆபீஸுக்குப் போகிறாள். முடிவு என்று ஒன்றில்லை. ஆனால் அந்த முடிவின்மையையே ஒரு முத்தாய்ப்பாக்கி, சபா நாடகத்தின் கடைசி வசனம் மாதிரி நம்மேல் எறிந்துவிட்டுத்தான் படம் நிற்கிறது. ஆவடிப் பக்கமிருந்து காலை மின்ரயிலில் அம்பத்தூர்த் தொழிற்பேட்டைக்கு வேலைக்கு வரும் பெண்களை நான் வருஷக்கணக்காகப் பார்த்து வருகிறேன். அவர்கள் வாழ்வில் முத்தாய்ப்பு கிடையாது. அடுத்த திங்கட்கிழமைதான் உண்டு. சினிமாவின் இரண்டரை மணியில் அடங்காத இந்தத் திங்கட்கிழமை டெலிவிஷனில் சாத்யம். அதைச் சீக்கிரமே உணர்ந்தவர்களில் பாலசந்தர் ஒருவர்.

தொண்ணூறுகளின் துவக்கத்தில் தூர்தர்ஷனில் 'ரயில் சிநேகம்'. பிறகு 'கையளவு மனசு', 'காதல் பகடை'. அம்பத்தூரில் எங்கள் தெருவில் ஜன்னலுக்கு ஜன்னல் ஒரே குரல் கேட்கும். நடந்துகொண்டே கேட்டால் போதும், திரையைப் பார்க்காமலே கதை விளங்கிவிடும். குறையும் அதுதான். எழுத்தாளர் பாலசந்தர் தம் பாத்திரங்களைச் சும்மா இருக்க விடுவதில்லை.

தயாரிப்பாளர் பாலசந்தர் வேறு ஆள். அவருடைய மின்பிம்பங்கள் நிறுவனத்தில் இந்திரா சௌந்தர்ராஜன் எழுத, நாகா இயக்க, 'மர்ம தேசம்' வந்தது. அதில் 'விடாது கருப்பு' பகுதியில் இருட்டும் குதிரைக் குளம்பொலியும் பேசின. தெய்வமா, மனக்கோளாறா என்ற கேள்வியைப் பார்ப்பவன் ஒரு வாரம் சுமந்து திரிய வேண்டியிருந்தது. இது பாலசந்தர் பாணி அல்ல. தம் பாணிக்கு எதிரான ஒன்றுக்குத் தம் கூரையிலேயே இடம் கொடுத்தாரே, அதைத்தான் அவருடைய டெலிவிஷன் சாதனை என்பேன். எழுத்தாளர் எட்டாத இடத்தைத் தயாரிப்பாளர் தொட்டார்.

வாரம் ஒருமுறை என்பது வெறும் அட்டவணை அல்ல, உருவம். அந்த இடைவெளியில்தான் கதை நமக்குள் வேலை செய்தது. 1999-ல் 'சித்தி' வந்து வென்றபின், தினசரித் தொடர் அந்த இடைவெளியைத் தின்றுவிட்டது. பாலசந்தரோ 2003-ல் 'சஹானா'வில், 1985-ன் 'சிந்து பைரவி' பாத்திரங்களிடமே திரும்பிப் போனார். அதில் எனக்கு ஏமாற்றம்தான்.

டெலிவிஷனைப் பழிப்பது சிறுபத்திரிகைக்காரர்களான நமக்குச் சுலபம். நம் ருசிக்கு ஒவ்வாத எழுத்துக்கு நம்மில் எத்தனை பேர் நாலு பக்கம் ஒதுக்கியிருக்கிறோம்?