காண்போனும் காணப்படுவோனும்: ழான் ரூஷின் ‘ஒரு கோடையின் வரலாறு’

உள்ளதை உள்ளவாறு காட்டுதலே விவரணப்படத்தின் தொழில் என்பது பலர் கொள்கை. அதன்படி, படம் எடுப்பவன் துலாக்கோல் போன்றவன். நிறுக்கும் பொருளோடு தானும் தட்டில் ஏறி அமர்தல் அவனுக்குத் தகாது. ஆயினும் கருவியுடன் ஒருவன் வந்து நின்றதும் மக்களின் பேச்சும் நடையும் மாறுகின்றன என்பது யாவரும் அறிந்ததே. தன் வரவால் நேர்ந்த மாற்றத்தை மறைத்துவிட்டு, கண்டதே உண்மை எனச் சாதித்தல் எங்ஙனம் நேர்மையாகும்? இவ்வினாவை நேர்நின்று எதிர்கொண்ட படங்களுள் ஒன்று, மானிடவியலாளர் ழான் ரூஷும் சமூகவியலாளர் எட்கார் மொரினும் 1960ஆம் ஆண்டுக் கோடையிற் பாரிசு நகரில் எடுத்து, 1961இல் வெளியிட்ட ‘ஒரு கோடையின் வரலாறு’ ஆகும்.

பொறியியல் கற்று, மேற்கு ஆபிரிக்காவின் நைஜருக்குப் பணியாற்றச் சென்ற ரூஷ், அங்குள்ள மக்களின் சடங்குகளைப் படம்பிடித்துப் பெயர் பெற்றவர். பிறரை ஆராய்ந்த அக்கருவியை இப்படத்தில் அவர் தம் நகரத்தார்மீதே திருப்பினார். தாமும் மறைந்து நிற்கவில்லை. தொடக்கத்திலேயே ரூஷும் மொரினும் மார்சலின் என்னும் இளம்பெண்ணுடன் அமர்ந்து, தாம் செய்ய எண்ணியதைப் பற்றிப் பேசுகின்றனர். பின்னர் அப்பெண் ஒலிவாங்கியுடன் வீதியிற் சென்று, ‘நீங்கள் மகிழ்ச்சியாக இருக்கிறீர்களா?’ என வழிப்போக்கரை வினவுகிறாள்.

படத்தின் வன்மையும் குறையும் ஒருங்கே வெளிப்படுவது மார்சலின் பற்றிய இரு காட்சிகளிலாம். முதலாவதில், ஆபிரிக்க மாணவர் சிலரும் பிரெஞ்சு இளைஞரும் நிறவேற்றுமை குறித்து உரையாடுகின்றனர். ரூஷ் இடையிட்டு, மார்சலினின் கையிற் பொறித்துள்ள எண் யாதென அம்மாணவரை வினவுகிறார். அவர்கள் அறியார். யூதப் பெண்ணாகிய தன்னை நாசிகள் வதைமுகாமுக்குக் கொண்டுசென்றபோது இட்ட எண் அது என அவளே கூறுகிறாள். அனைவரும் வாயடைத்துப் போகின்றனர். விடையை முன்பே அறிந்த ஒருவர், அறியாதாரைக் கேட்ட வினா அது. ஒருத்தியின் துயரம் ஈண்டுப் பிறர்க்குப் பாடம் புகட்டும் சாதனமாயிற்று. ஆனால், வினவியவரை நாம் காண்கிறோம். ஆதலின் அவரைக் குறைகூறவும் நம்மால் இயல்கிறது. மறைந்திருந்து வினவுபவன் அவ்வுரிமையை நமக்கு அளிப்பதில்லை.

மற்றைய காட்சியிற் கொன்கோர்ட் சதுக்கத்தில் மார்சலின் தனியே நடக்கிறாள். ஒலிப்பதிவுக் கருவியை அவளே சுமக்கிறாள். தன்னோடு கொண்டுசெல்லப்பட்டுத் திரும்பாத தந்தையை விளித்துத் தாழ்ந்த குரலிற் பேசுகிறாள். வினவுவோர் எவருமிலர். முன்னைய காட்சியில் வெளிப்படாத ஆழம் இதில் வெளிப்படுவதன் காரணம் வெளிப்படை: கருவி அவள் கைக்கு மாறிவிட்டது.

படம்பிடிப்பவன் நிகழ்ச்சியிற் பங்குகொள்ளல் என்பது தான் உட்புகுதல் மட்டுமன்று. தன் அதிகாரத்தைப் பிறரோடு பகிர்தலுமாம். இவ்வளவையால் நோக்கின், இப்படம் பாதி வழியே சென்றது எனலாம். படத்திற் பங்குகொண்டோருக்கே அதனைக் காட்டி, அவர்தம் கருத்தை வினவிய காட்சியும் படத்தில் இடம்பெறுகிறது. சிலர் அதனை உண்மை என்றனர். சிலர் அந்தரங்கத்தை அம்பலமாக்கிய செயல் எனச் சினந்தனர். அக்கண்டனத்தை வெட்டி எறியாது வைத்தமை பாராட்டத்தக்கது. எனினும், பல மணிநேரப் படச்சுருளினின்று ஏறக்குறைய ஒன்றரை மணிநேரத்தைத் தெரிந்தெடுத்த கத்தரிக்கோலை நாம் காண்பதில்லை. இறுதியில் ரூஷும் மொரினும் மட்டுமே அரும்பொருட்காட்சிச்சாலையில் உலாவியவாறு தம் முயற்சியை மதிப்பிடுகின்றனர். கடைசிச் சொல் அவர்களிடமே தங்கிவிடுகிறது.

ஆயினும், இக்குறையை நாம் அறிவதும் அவர்கள் தம்மைக் காட்டிக்கொண்டமையாலன்றோ? தன்னையும் தட்டில் வைத்து நிறுத்துக் காட்டியவன் எடை குறைந்து காணப்படலாம். தட்டிலேறாதவனின் எடையையோ எவரும் அறியார்.