பட்டா அளவே உரிமை: ஒரகடம் தொழில் வழித்தடத்தில் சொத்துச் சட்டங்களின் நிறையும் குறையும்

சென்னை–பெங்களூரு நெடுஞ்சாலையில் இருங்காட்டுக்கோட்டையில் தொடங்கி ஸ்ரீபெரும்புதூர், சுங்குவார்சத்திரம் என மேற்கே நீளும் தொழில் வழித்தடம், தெற்கே சிங்கப்பெருமாள்கோவிலை நோக்கிச் செல்லும் சாலையில் வல்லம், வடகால், ஒரகடம் என இன்னொரு கிளையாகப் பிரிகிறது. 1998இல் ஹூண்டாய் தன் கார் உற்பத்தியைத் தொடங்கியது முதல், 2010இல் ரெனோ–நிசான், 2012இல் டைம்லர் என அடுத்தடுத்து வந்த ஆலைகளின் வரலாறு வழக்கமாக முதலீட்டின் வரலாறாகவே எழுதப்படுகிறது. ஆனால் அதே நிலப்பரப்பு, உழவரிடமிருந்து அரசுக்கும் அரசிடமிருந்து நிறுவனத்துக்கும் கைமாறும் ஒவ்வொரு கட்டத்திலும் வெவ்வேறு சட்டத்தின் பாதுகாப்பில் இருந்திருக்கிறது. அந்தப் பாதுகாப்பு எல்லாக் கட்டங்களிலும் ஒரே கனத்தில் இருக்கவில்லை என்பதும், ஆவணத்தில் ஏறிய உரிமைக்கு மட்டுமே சட்டம் முழு மதிப்பளிக்கிறது என்பதும் இந்த வழித்தடத்தை ஆராய்வோருக்கு முதலில் புலப்படும் செய்திகள்.

இந்திய அரசமைப்பில் சொத்துரிமை தொடக்கத்தில் அடிப்படை உரிமையாக இருந்து, 1978ஆம் ஆண்டின் 44ஆவது திருத்தத்தால் அந்த இடத்தை இழந்து, சட்டத்தின் அதிகாரமின்றி எவருடைய சொத்தும் பறிக்கப்படலாகாது என்று கூறும் 300அ உறுப்பாகச் சுருங்கியது. சுருங்கியது என்றாலும் வெறுமையாகிவிடவில்லை. 2024 மே மாதம் கொல்கத்தா மாநகராட்சி தொடர்பான வழக்கில் உச்ச நீதிமன்றம், அந்த ஒற்றை வரிக்குள் ஏழு உட்கூறுகள் அடங்கியிருப்பதாக வகுத்துரைத்தது: அறிவிப்புப் பெறும் உரிமை, ஆட்சேபம் கேட்கப்படும் உரிமை, காரணம் காட்டும் முடிவைப் பெறும் உரிமை, பொது நோக்கத்துக்கு மட்டுமே எடுக்க வேண்டிய கடமை, நியாயமான ஈட்டுத்தொகை, நடைமுறையைத் திறம்பட நடத்துதல், அதை உரிய காலத்தில் முடித்தல் ஆகியவை அவை. நிலமெடுப்புச் சட்டம் எதையும் எடைபோட இதைவிடத் தெளிவான அளவுகோல் இப்போதைக்கு இல்லை.

இந்த வழித்தடத்தில் அளக்கப்பட வேண்டிய முதன்மைச் சட்டம், தொழில் நோக்கங்களுக்காக நிலம் கையகப்படுத்தும் 1997ஆம் ஆண்டின் தமிழ்நாட்டுச் சட்டம். ஆங்கிலேயர் காலத்து 1894ஆம் ஆண்டுச் சட்டத்தின் நடைமுறை நெடிது என்ற காரணத்தால் இயற்றப்பட்ட இது, 2001இல் நடைமுறைக்கு வந்தது. நில உடைமையாளருக்குக் காரணம் கேட்கும் அறிவிப்பு அனுப்பப்பட்டு, அவருடைய விளக்கம் பரிசீலிக்கப்பட்டு, அரசாணை அரசிதழில் வெளியாகிறது. வெளியான நாளிலேயே நிலம் எல்லா வில்லங்கங்களும் நீங்கி அரசின் முழு உடைமையாகிறது. வில்லங்கம் என்பது அந்த நிலத்தின்மேல் பிறருக்குள்ள அடமானம், குத்தகை, வழக்கு போன்ற உரிமைக் கட்டுகளைக் குறிக்கும். ஈட்டுத்தொகை குறித்த பேச்சும், உடன்பாடு எட்டாதபோது ஆட்சியரின் நிர்ணயமும், அதையும் ஏற்காதவருக்கான நீதிமன்ற வழியும் அதன் பின்னரே வருகின்றன.

நாடு முழுமைக்குமான 2013ஆம் ஆண்டின் நிலமெடுப்புச் சட்டம் இந்த வரிசையை மாற்ற முயன்றது. எடுப்பதற்கு முன் சமூகத் தாக்க மதிப்பீடு, தனியார் நிறுவனத்துக்காக எனில் பாதிக்கப்படும் குடும்பங்களில் எண்பது விழுக்காட்டினரின் ஒப்புதல், பல போகம் விளையும் பாசன நிலத்தைக் கடைசி வழியாக மட்டுமே எடுத்தல், ஐந்தாண்டுகள் பயன்படுத்தப்படாத நிலத்தை உடைமையாளருக்கோ நில வங்கிக்கோ திருப்புதல் ஆகிய காப்புகளை அது கொண்டுவந்தது. தமிழ்நாடு அரசோ 105அ என்ற பிரிவைச் சேர்த்து, தொழில் நிலச் சட்டம், நெடுஞ்சாலைச் சட்டம், ஆதிதிராவிடர் நலத்துக்கான நிலமெடுப்புச் சட்டம் ஆகிய மூன்றையும் அதன் பிடியிலிருந்து விலக்கிக்கொண்டது; ஈட்டுத்தொகை, மறுவாழ்வு, மறுகுடியமர்வு குறித்த அட்டவணைகள் மட்டும் பொருந்தும் என்றது. 2019 ஜூலையில் சென்னை உயர் நீதிமன்றம் மத்தியச் சட்டத்துடன் முரண்படுகின்றன என்று மூன்றையும் செல்லாதவையாக்கியது. அதே ஆண்டிலேயே குடியரசுத் தலைவரின் ஒப்புதலுடன் அவற்றுக்கு உயிரூட்டும் சட்டம் பின்தேதியிட்டு இயற்றப்பட்டது. 2021 ஜூன் மாதம் ஜி. மோகன் ராவ் வழக்கில் உச்ச நீதிமன்றம் அதை ஏற்றுக்கொண்டது. பொதுப்பட்டியலில் உள்ள ஒரு பொருளில் மாநிலச் சட்டம் மத்தியச் சட்டத்துடன் முரண்பட்டாலும், குடியரசுத் தலைவரின் ஒப்புதல் பெற்றால் அந்த மாநிலத்தில் அதுவே செல்லும் என்பது அரசமைப்பின் 254ஆவது உறுப்பு தரும் வழி. தீர்ப்பு தீர்த்தது சட்டமன்றத்தின் அதிகாரம் பற்றிய கேள்வியை. சமூகத் தாக்க மதிப்பீடில்லாத நிலமெடுப்பு நல்ல ஆட்சிமுறையா என்பது நீதிமன்றம் விடையளிக்க வேண்டிய கேள்வியாக இருக்கவில்லை. அது இன்னும் சட்டமன்றத்தின் முன்தான் இருக்கிறது.

இந்த நடைமுறையின் நிறைகளைக் குறைத்துச் சொல்வது நேர்மையாகாது. அரசு ஒதுங்கி நின்று நிறுவனங்களே நிலம் வாங்கட்டும் என்று விட்டிருந்தால், தரகரும் பொது அதிகார ஆவணமும் முன்பணமும் கொண்டு நடக்கும் வணிகத்தில் சிறு உடைமையாளருக்கு எட்டியிருக்கக்கூடிய விலை, கடைசியாக நிறுவனம் கொடுத்த விலையின் ஒரு துண்டாகவே இருந்திருக்கும். கேட்க ஆட்சியரோ, உயர்த்தித் தர நீதிமன்றமோ இருந்திருக்காது. அதைவிட முக்கியமான நிறை, 1971இல் தொடங்கப்பட்ட, மாநில அரசின் சிப்காட் நிறுவனம் தொழில் மனைகளை விற்பதில்லை, 99 ஆண்டுக் குத்தகைக்கு விடுகிறது என்பது. குறித்த காலத்துக்குள் தொழில் தொடங்காதவரிடமிருந்து மனையைத் திரும்பப் பெறவும், குத்தகையைக் கைமாற்ற இசைவு கோரவும் அந்த ஏற்பாடு இடம் தருகிறது. நிலத்தின் அடிப்படை உடைமை பொது நிறுவனத்திடமே தங்குவதால், ஆலை போனாலும் நிலம் போவதில்லை.

குறைகள் கிராமக் கணக்கிலிருந்து தொடங்குகின்றன. அறிவிப்பு யார் பெயருக்குச் செல்கிறது என்பதை அ-பதிவேடும் சிட்டாவும் தீர்மானிக்கின்றன. பல ஊர்களில் பட்டா இறந்துபோன பாட்டனின் பெயரிலோ, பங்காளிகள் பலரின் பெயரிலான கூட்டுப்பட்டாவாகவோ இருக்கும். நிலம் வரப்பு போட்டுப் பிரிக்கப்பட்டு மூன்று தலைமுறை ஆகியிருந்தாலும் புல எண்ணில் உட்பிரிவு நடந்திருக்காது. நிலமெடுப்பு வட்டாட்சியர் அலுவலகத்தில் விசாரணை நடக்கும் நாளில் வாரிசுச் சான்றும் வில்லங்கச் சான்றும் ஒருசேரக் காட்டாதவர்க்குத் தொகை கையில் வராது; உரிமைத் தகராறு எழுந்தால் தொகை நீதிமன்றத்தில் வைப்பாகி, பங்காளிகள் ஒருவர் மேல் ஒருவர் வழக்காடி முடிக்கும்வரை அங்கேயே கிடக்கும். அதற்குள் நிலத்தில் மதில் எழுந்துவிடும். வாரத்துக்கு உழுதவரின் நிலை இன்னும் மெலிந்தது. குத்தகை உரிமைகளைப் பதிவு செய்வதற்கென 1969ஆம் ஆண்டே தமிழ்நாட்டில் தனிச் சட்டம் உண்டு; ஆனால் வாய்மொழிக் குத்தகைதான் வழக்கம், பதிவேட்டில் பெயர் ஏற்ற நில உடைமையாளர் விரும்புவதில்லை. 2013ஆம் ஆண்டுச் சட்டம் நிலத்தை நம்பி வாழும் குத்தகையாளரையும் விவசாயக் கூலிகளையும் ‘பாதிக்கப்பட்ட குடும்பம்’ என்ற வரையறைக்குள் சேர்த்திருந்தாலும், அவர்களைக் கண்டறியும் கருவியான சமூகத் தாக்க மதிப்பீடு மாநிலச் சட்டத்தில் இல்லாததால், அட்டவணையில் உள்ள மறுவாழ்வு எவருக்கு உரியது என்று கண்டறிய வழியே இல்லாமல் போகிறது.

விலையிலும் ஒரு பொறி உண்டு, அதில் உழவருக்கும் பங்கு உண்டு. முத்திரைத் தீர்வையைக் குறைப்பதற்காகக் கிரயப் பத்திரத்தில் உண்மை விலையைக் குறைத்தெழுதும் பழக்கம் ஊரறிந்தது. சந்தை மதிப்பைக் கணக்கிடும்போது அதே பத்திரங்களும் அரசின் வழிகாட்டி மதிப்புமே சான்றாக நிற்கின்றன. 2017 ஜூனில் தமிழ்நாடு அரசு வழிகாட்டி மதிப்பை 33 விழுக்காடு குறைத்தது வீடு வாங்குவோருக்கு ஆறுதலாக அமைந்தது. நிலமெடுப்பை எதிர்நோக்கியிருந்த ஊர்களில் அதன் பொருள் வேறு. சந்தை மதிப்புக்கு இணையாக ஆறுதல் தொகை என்ற பெயரில் இன்னொரு மடங்கு சேர்க்கப்பட்டாலும், பெருக்கப்படும் அடிப்படை எண்ணே சிறிதாக இருந்தால் பெருக்கத்தின் பயன் குறைவே.

பட்டாவுக்கு வெளியே நிற்கும் உரிமைகளைப் பற்றித்தான் சட்டம் மிகக் குறைவாகப் பேசுகிறது. பழைய செங்கல்பட்டு மாவட்டத்தின் இப்பகுதி ஏரிப்பாசனப் பகுதி. ஸ்ரீபெரும்புதூர், பிள்ளைப்பாக்கம், ஒரகடம் ஏரிகளின் ஆயக்கட்டில், அதாவது பாசனப் பரப்பில், மடைநீர் பெறும் உரிமையும், மேய்க்கால் புறம்போக்கில் ஆடுமாடு ஓட்டும் உரிமையும், வரத்துக்கால்வாயைப் பொதுவில் தூர்வாரும் கடமையும் ஊரின் கூட்டு உடைமையாக இருந்தன. வருவாய்க் கணக்கில் இவையெல்லாம் புறம்போக்கு, அதாவது அரசு நிலம். அரசு தன் நிலத்தைத் தானே சிப்காட்டுக்கு மாற்றிக்கொடுக்கும்போது, இழப்பவர் என்று எவருமே ஆவணத்தில் இருப்பதில்லை. 2007ஆம் ஆண்டின் ஏரிப் பாதுகாப்புச் சட்டம் ஆக்கிரமிப்பாளரை அகற்றப் பயன்படும் சட்டம். ஏரிக்குக் கீழே ஆயக்கட்டு மறைந்து, ஏரியின் காரணமே இல்லாமல் போவதைப் பற்றி அது கவலைப்படுவதில்லை. இதே மாவட்டத்தில் ஆட்சியராக இருந்த டிரெமென்ஹீர் 1891இல் அளித்த அறிக்கையின் தொடர்ச்சியாகத் தாழ்த்தப்பட்டோருக்கு வழங்கப்பட்ட பஞ்சமி நிலங்களின் கதையும் இதனுடன் சேர்ந்தது. அவர்களுக்குள் அன்றி வேறெவருக்கும் விற்கலாகாது என்ற நிபந்தனை, பின்னாளில் நடந்த நில உடைமைப் பதிவு மேம்பாட்டின்போது கணக்குகளிலிருந்து விடுபட்டது என்ற குற்றச்சாட்டு நெடுங்காலமாக உள்ளது. அத்தகைய நிலம் எடுக்கப்படும்போது இன்றைய பட்டாவை மட்டும் பார்த்துத் தொகை வழங்கினால், சட்டமே அந்த இழப்பை நிலைப்படுத்திவிடும்.

நிலம் ஆலையான பிறகு சட்டத்தின் கவனம் வேறு பக்கம் திரும்புகிறது. ஸ்ரீபெரும்புதூரில் 2006இல் உற்பத்தியைத் தொடங்கிய நோக்கியா ஆலை, 2013இல் வருமான வரித் தகராறில் முடக்கத்துக்குள்ளானதால், 2014இல் அந்நிறுவனத்தின் கைப்பேசிப் பிரிவை மைக்ரோசாஃப்ட் வாங்கியபோது அந்த விற்பனையில் சேர முடியாமல், அதே ஆண்டு நவம்பரில் மூடப்பட்டது. அரசின் வரிக் கோரிக்கையைச் சொத்து முடக்கம் காத்தது. நிறுவனத்துக்கு நீதிமன்றங்களும் நாடுகளுக்கிடையிலான வரி உடன்பாடும் இருந்தன. வேலை இழந்த ஆயிரக்கணக்கானோர்க்கு அந்த ஆலையின்மேல் சட்டம் ஏற்கும் உரிமை எதுவும் இருக்கவில்லை. பின்னர் சால்காம்ப் நிறுவனம் அங்கே உற்பத்தியைத் தொடங்கியது, நிலத்தின் உடைமையைப் பொது நிறுவனத்திடம் வைத்திருக்கும் முறையின் பயனைக் காட்டுவதாகக் கொள்ளலாம். ஆனால் இடைப்பட்ட ஆண்டுகளில் நிலம் சும்மா கிடந்தபோதும், அதை முதலில் கொடுத்தவர்களோ அங்கே உழைத்தவர்களோ கேள்வி எழுப்ப மாநிலச் சட்டத்தில் இடமில்லை.

2024 செப்டம்பர் 9 முதல் ஒரு மாதத்துக்கும் மேலாகச் சுங்குவார்சத்திரம் சாம்சங் ஆலைத் தொழிலாளர் நடத்திய வேலைநிறுத்தத்தில் சொத்துரிமை இன்னொரு உருவில் வெளிப்பட்டது. சங்கத்தின் பெயரில் தன் வணிகப் பெயர் இடம்பெறுவதை நிறுவனம் எதிர்த்தது. வணிகப் பெயரும் சொத்துதான். ஆனால் அது சரக்கை விற்பவருக்கு எதிரான காப்பே தவிர, தாம் எங்கே வேலை செய்கிறோம் என்று சொல்வோருக்கு எதிரான காப்பு அன்று. உயர் நீதிமன்றம் காலக்கெடு விதித்த பின்னரே, 2025 ஜனவரியில் சங்கம் பதிவாயிற்று. 1926ஆம் ஆண்டின் தொழிற்சங்கச் சட்டப்படி எளிய அலுவலக நடைமுறையாக முடிந்திருக்க வேண்டிய ஒன்றுக்கு மாதக்கணக்கில் போராட வேண்டியிருந்தது.

போராட்டக் காலங்களில் பேசப்படும் இன்னொரு சட்டமான, பொதுச் சொத்தைச் சேதப்படுத்துவதைத் தடுக்கும் 1992ஆம் ஆண்டின் தமிழ்நாட்டுச் சட்டம், பின்னர் தனியார் சொத்தையும் உள்ளடக்கும்படி திருத்தப்பட்டு, சிறைத் தண்டனையுடன் இழப்பீட்டையும் விதிக்கிறது. பேருந்துக் கண்ணாடியும் ஆலைக் கதவும் உடைக்கப்படாமல் இருப்பதில் தொழிலாளர்க்கும் நலன் உண்டு, அதை மறுப்பதற்கில்லை. ஆனால் சொத்தின் சேதத்தை வரையறுப்பதில் இத்தனை கூர்மை காட்டும் சட்டமுறை, வரத்துக்கால்வாய் மண்மூடிப் போவதைச் சேதமாக எண்ணத் தவறுகிறது. கண்ணாடிக்கு விலைச்சீட்டு உண்டு, கால்வாய்க்கு இல்லை என்பதைத் தவிர வேறு காரணம் தெரியவில்லை.

இவையனைத்தும் இப்போது பரந்தூரில் ஒன்றுகூடியுள்ளன. வழித்தடத்துக்கு மேற்கே 5,700 ஏக்கருக்கு மேற்பட்ட பரப்பில் திட்டமிடப்பட்டுள்ள விமான நிலையத்துக்கு, 1997ஆம் ஆண்டுச் சட்டத்தின்கீழேயே நிலம் எடுக்கப்படுகிறது. நிலம் இழக்கவுள்ள ஊர்களில் ஒன்றான ஏகனாபுரத்தின் மக்கள் 2022 முதல் போராடி வருகின்றனர். எடுக்கப்படும் பரப்பில் ஏறத்தாழ மூன்றில் ஒரு பங்கு அரசுப் புறம்போக்கு; ஏரிகளும் கால்வாய்களும் அதில் அடங்கும். இதற்கிடையே 2023 ஏப்ரலில் விவாதமின்றி நிறைவேறி, 2024 அக்டோபரில் நடைமுறைக்கு வந்த நில ஒருங்கிணைப்புச் சட்டம், நூறு ஹெக்டேருக்குக் குறையாத சிறப்புத் திட்டங்களின் எல்லைக்குள் வரும் நீர்நிலை நிலங்களையும் சேர்த்து ஒருங்கிணைக்க வழிசெய்கிறது. நிபுணர் குழு ஒன்றின் பரிந்துரை அதில் உண்டு. ஆயக்கட்டு உழவர் அந்தக் குழுவின் முன் உரிமையாளராக நிற்க வேண்டுமானால், நீர்ப்பங்கும் குத்தகையும் மேய்ச்சலும் பதிவாகும் ஒரு கணக்கு ஒவ்வொரு ஊருக்கும் முன்கூட்டியே எழுதப்பட்டிருக்க வேண்டும். அந்தக் கணக்கை எழுதப் புதிய சட்டம் தேவையில்லை, 1997ஆம் ஆண்டுச் சட்டத்தின்கீழ் ஒரு விதி போதும். சிப்காட் தன் குத்தகைப் பத்திரத்தில் ஆலை மூடும்போது நிலுவை ஊதியத்துக்கு முன்னுரிமை, பயன்படாத நிலத்துக்குக் காலவரம்பு ஆகிய இரு நிபந்தனைகளைச் சேர்க்கவும் எவருடைய ஒப்புதலுக்கும் தில்லிவரை போக வேண்டியதில்லை.