நறுமணம் என்றொரு பிழை

சென்ற ஆண்டு எங்கள் ஆலையில் ஷட்டவுன் நடந்தது. ஆலையை முழுக்க நிறுத்தி, குழாய்களையும் கலன்களையும் திறந்து, துப்புரவு செய்து பழுது பார்க்கும் வாரங்கள். அப்போது ஒப்பந்தத் தொழிலாளர்கள் கூட்டம் கூட்டமாக வருவார்கள். அவர்களில் பலர் தமிழ்நாட்டுக்காரர்கள். பாதுகாப்பு அறிவிப்புகளோ மலாயிலும் ஆங்கிலத்திலும் மட்டும்தான் இருந்தன. நான் தமிழில் ஏதோ எழுதுகிறவன் என்று மேலாளரிடம் யாரோ சொல்லியிருக்கிறார்கள். ஒரு பக்கத்தைத் தமிழில் மொழிபெயர்த்துத் தரச் சொன்னார்.

ஒரே மாலையில் முடித்துவிட்டேன். 'அரோமாட்டிக் ஹைட்ரோகார்பன் உள்ள பகுதி' என்பதை 'நறுமண ஹைட்ரோகார்பன் உள்ள பகுதி' என்று எழுதினேன். நல்ல தமிழில் எழுதிவிட்டோம் என்று கொஞ்சம் பெருமையாகக்கூட இருந்தது.

இரண்டாம் நாள் ஒருவர் அந்த அறிவிப்பின் முன் நின்று நிதானமாகப் படித்தார். புதுக்கோட்டைப் பக்கம். என்னைவிட இருபது வயதாவது மூத்தவர். படித்து முடித்துவிட்டு என்னைப் பார்த்து, "வாசனைச் சரக்குக்கு எதுக்கு சார் மாஸ்க்கு?" என்று கேட்டார். அதில் கிண்டல் இல்லை. உண்மையான சந்தேகம். மாஸ்க் அவர் கழுத்தில் தொங்கிக்கொண்டிருந்தது.

அந்தப் பகுதியில் இருந்தது பென்சீன். இரத்தப் புற்றுநோயை உண்டாக்கும் என்று ஐயமின்றி நிறுவப்பட்ட பொருள். அதற்கு இலேசான இனிப்பு வாசம் உண்டு. மூக்குக்கு அந்த வாசம் தெரிகிறது என்றால், காற்றில் அதன் அளவு பணியிடத்துக்கு அனுமதித்த வரம்பைத் தாண்டியிருக்க வாய்ப்பு அதிகம். "அண்ணே, முதல்ல மாஸ்க்கை மேல ஏத்துங்க, அப்புறம் சொல்றேன்" என்றேன். அன்றிரவு எனக்குத் தூக்கம் வரவில்லை. அவருக்குத் தமிழ் நன்றாகத் தெரியும். என் அறிவிப்பை அவர் சரியாகத்தான் படித்தார். பிழை எழுதியவனிடம் இருந்தது.

இந்தக் கட்டுரை அந்த ஒரு சொல்லைப் பற்றியது.

என் தலைமுறை மலேசியத் தமிழர்களுக்கு இதில் ஒரு சங்கடம் உண்டு. 2003இல் நான் தமிழ்ப்பள்ளியில் முதலாம் ஆண்டில் சேர்ந்தபோது, அறிவியலும் கணிதமும் ஆங்கிலத்துக்கு மாறியிருந்தன. பிறகு இடைநிலைப்பள்ளி, பல்கலைக்கழகம். எதிலும் வேதியியலைத் தமிழில் ஒரு நாளும் படித்ததில்லை. கதை, கவிதை, அம்மாவோடு சண்டை எல்லாம் தமிழில். சம்பளம் வாங்கித் தரும் அறிவு மட்டும் வேறு மொழியில். ஆக, தமிழில் ஒரு கலைச்சொல் கண்ணில் பட்டால் அது சரியா தவறா என்று யோசிக்காமல் கட்டிப் பிடித்துக்கொள்கிறோம். 'நறுமண' என்ற சொல்லை நான் எடுத்துக்கொண்டதும் அப்படித்தான்.

சரி, 'அரோமாட்டிக்' என்றால் என்ன? 19ஆம் நூற்றாண்டில் வேதியியலாளர்கள் கையில் ஒரு தொகுதிப் பொருள்கள் இருந்தன. கசப்பு வாதுமை எண்ணெய், இலவங்கப்பட்டை எண்ணெய், பிசின்கள் ஆகியவற்றிலிருந்து பிரித்தவை. பல நல்ல வாசனை கொண்டவை. 1855இல் ஹோஃப்மன் இவை போன்ற ஒரு வரிசைக்கு 'அரோமாட்டிக்' என்ற சொல்லைப் பயன்படுத்தினார். அந்த வரிசையிலேயே வாசனை இல்லாதவையும் இருந்தன. ஆக, பெயர் வைத்த நாளிலேயே அது முழுக்கப் பொருந்தவில்லை.

பிறகு அந்தச் சொல் மூக்கை விட்டு நகர்ந்துவிட்டது. 1865இல் கெக்கூலே, பென்சீனின் ஆறு கார்பன்களும் ஒரு வளையமாக இருக்கின்றன என்றார். வளையத்தில் ஒற்றைப் பிணைப்பும் இரட்டைப் பிணைப்பும் மாறி மாறி வருவதாகப் பாடப்புத்தகத்தில் வரைவோம். அப்படியே இருந்தால், இரட்டைப் பிணைப்பு உள்ள மற்றப் பொருள்களைப் போல, பென்சீனும் புரோமின் நீரின் நிறத்தைப் போக்கியிருக்க வேண்டும். போக்குவதில்லை. பிணைப்புகளின் நீளமும் ஒன்று குட்டை ஒன்று நெட்டை என்றிருக்க வேண்டும். 1929இல் கேத்லீன் லான்ஸ்டேல், பென்சீனின் உறவுக்காரச் சேர்மம் ஒன்றின் படிகத்தை எக்ஸ் கதிர் வழி ஆராய்ந்து, வளையம் தட்டையானது, அதன் பக்கங்கள் சமமானவை என்று காட்டினார். பென்சீனில் ஆறு பக்கமும் ஏறக்குறைய 1.39 ஆங்ஸ்ட்ரம்.

காரணம் எளிது. ஆளுக்கொன்றாக ஆறு கார்பன்கள் கொடுத்த ஆறு எலக்ட்ரான்கள் தனித்தனி வீட்டில் குடியிருப்பதில்லை. ஆறு வீட்டுக்கும் பொதுவான ஒரு திண்ணையில் இருக்கின்றன. இந்தப் பகிர்வால் வளையத்துக்கு எதிர்பாராத உறுதி வந்துவிடுகிறது. 1931இல் ஹுக்கெல் இதற்குக் கணக்கே போட்டார். பொதுத் திண்ணையில் 2, 6, 10 என்ற வரிசையில் எலக்ட்ரான்கள் இருந்தால் இந்த உறுதி கிடைக்கும். இன்று ஒரு வேதியியலாளர் 'அரோமாட்டிக்' என்று சொன்னால் இந்த உறுதியைத்தான் சொல்கிறார். வாசனையைச் சொல்லவில்லை. பிரிடின் அரோமாட்டிக்தான். ஆய்வுக்கூடத்தில் அதன் வீச்சத்தை ஒருமுறை அனுபவித்தவர் ஆயுசுக்கும் மறக்க மாட்டார். வாழைப்பழ எசென்ஸில் மணக்கும் எஸ்டர் அரோமாட்டிக் இல்லை.

ஒரு சொல் பிறந்த இடத்தை விட்டு இவ்வளவு தூரம் போகுமா என்று கேட்க வேண்டியதில்லை. நம்மிடமே 'நாற்றம்' இருக்கிறது. பழைய இலக்கியத்தில் அது மணம், பெரும்பாலும் நல்ல மணம். இன்று பேருந்தில் யாரிடமாவது "உங்க மேல நாற்றம் வருது" என்று சொல்லிப் பாருங்கள். பழம்பாடலில் வரும் நாற்றத்தை 'துர்நாற்றம்' என்று ஒருவர் மொழிபெயர்த்தால் சிரிப்போம். 'அரோமாட்டிக்' என்பதை 'நறுமண' என்று எழுதுகிறவர் அதே தவற்றைத் தலைகீழாகச் செய்கிறார். சொல் இன்று எதைக் குறிக்கிறது என்று பார்க்காமல், அது பிறந்த அன்று எதைக் குறித்தது என்று பார்த்துத் தமிழாக்குகிறார்.

"அப்படின்னா எல்லாத்தையும் ஆங்கிலத்துலயே எழுதிட வேண்டியதுதானா?" என்று நண்பர்கள் கேட்பார்கள். நியாயமான கேள்வி. எல்லாவற்றையும் ஒலிபெயர்த்துக்கொண்டே போனால் கடைசியில் நம்மிடம் வேற்றுமை உருபுகள்தான் மிஞ்சும். ஆனால் தமிழில் நன்றாகச் செய்த வேலையும் இருக்கிறது. அதைப் பார்த்துக் கற்றுக்கொள்ளலாம்.

'ஆக்சிஜன்' என்பதற்கு 'அமிலத்தை உண்டாக்குவது' என்று பொருள். லவோய்சியே வைத்த பெயர். எல்லா அமிலத்திலும் அது உண்டு என்று நினைத்தார். ஹைட்ரோகுளோரிக் அமிலத்தில் ஆக்சிஜன் கிடையாது. ஜெர்மன் மொழி அந்தப் பிழையை அப்படியே 'புளிப்புப் பொருள்' என்று பெயர்த்து வைத்திருக்கிறது. தமிழ் அந்தப் பக்கம் போகவில்லை. பிராணவாயு, உயிர்வளி என்றது. பெயரை விட்டுவிட்டுப் பொருளைப் பார்த்தது.

இதைவிட நல்ல உதாரணம் 'ஆர்கானிக்'. உயிருள்ளவற்றிலிருந்து மட்டுமே கிடைக்கும் பொருள்கள் என்ற பழைய நம்பிக்கையில் பிறந்த சொல் அது. 1828இல் வோலர், உயிரின் துணையில்லாமல் யூரியாவைத் தயாரித்தார். நம்பிக்கை மெல்லத் தளர்ந்தது, பெயர் மட்டும் தங்கிவிட்டது. இலங்கைத் தமிழில் இதைச் 'சேதன இரசாயனம்' என்கிறார்கள். சேதனம் என்றால் உயிர், உணர்வு. அழகான சொல், ஆனால் பழைய நம்பிக்கையையும் கூடவே சுமக்கிறது. தமிழ்நாட்டில் 'கரிம வேதியியல்' என்றார்கள். கார்பனின் வேதியியல். இந்த ஒரு சொல்லில் தமிழ், ஆங்கிலத்தைவிடத் துல்லியம். 'கரிம' என்று எழுதியவருக்குப் பாடம் தெரிந்திருக்கிறது. 'நறுமண' என்று எழுதிய எனக்கு அகராதி தெரிந்திருந்தது.

அந்த அளவுகோலில் 'அரோமாட்டிக்'கிற்கு என்ன சொல்? நானும் முயன்றேன். 'பகிர்வளைய', 'வளைய உறுதி' என்றெல்லாம் நோட்டில் எழுதிப் பார்த்தேன். எதுவும் நாக்கில் ஒட்டவில்லை. நல்ல சொல் கிடைக்கும்வரை பாடத்திலும் கட்டுரையிலும் 'அரோமாட்டிக்' என்றே எழுதுவேன். மலாய்க்காரர்கள் 'அரோமாத்திக்' என்று எடுத்துக்கொண்டார்கள். அவர்கள் மொழி ஒன்றும் குறைந்துபோகவில்லை.

இலக்கியத்தில் இது வேறு மாதிரி. என் அறிவிப்பு கதையை நண்பர் ஒருவரிடம் சொன்னேன். அவர் சிறுகதை எழுதுகிறவர். இரண்டு மாதத்தில் 'நறுமண ஆலை' என்ற கதையோடு வந்தார். ஒப்பந்தத் தொழிலாளி ஒருவன் வேலை முடிந்து அறைக்கு வருகிறான். சட்டையில் இனிப்பு வாசம். அந்த வாசத்தில் ஊரை நினைக்கிறான், மனைவியை நினைக்கிறான், மல்லிகையை நினைக்கிறான். வாசிப்புக் குழுவில் எல்லோருக்கும் பிடித்திருந்தது. எனக்குப் பிடிக்கவில்லை. பொறியாளன் குறுக்கே விழுகிறான் என்று நினைத்தார்கள்.

என் குறை தகவல் பிழை பற்றியது இல்லை. ஓர் எழுத்தாளர் பென்சீனை நறுமணம் என்று அழைக்கலாம். அதைவிடக் கூர்மையான முரண் கிடைப்பது கடினம். ஆனால் அந்த முரண் வேலை செய்ய, அந்த வாசம் என்ன செய்யும் என்று கதைக்குள் யாருக்காவது தெரிந்திருக்க வேண்டும். பாத்திரத்துக்கு, அல்லது கதைசொல்லிக்கு, குறைந்தபட்சம் வாசகனுக்கு. நண்பரின் கதையில் யாருக்கும் தெரியவில்லை. வாசம் வெறும் அழகாக நின்றுவிட்டது. புதுக்கோட்டைக்காரர் கேட்ட கேள்வி அந்தக் கதையில் எழவே இல்லை. நம் கவிதைகளில் வரும் கருந்துளை, குவாண்டம் எல்லாவற்றிலும் எனக்கு இதே சங்கடம்தான். சொல்லின் ஓசையைக் கடன் வாங்குகிறோம். அதன் எடையை வாங்குவதில்லை.

இதைத் தேடிப் போனபோது எனக்குக் கிடைத்த ஒன்றை நண்பரிடம் சொன்னேன். பென்சீன் என்ற பெயர் நம் வட்டாரத்துப் பெயர். சுமத்ராவின் மரங்களிலிருந்து வடியும் ஒரு பிசினை அரபு வணிகர்கள் 'லுபான் ஜாவி' என்றார்கள். ஜாவாவின் தூபப் பிசின். சுமத்ராவும் அவர்களுக்கு ஜாவாதான். ஐரோப்பியர் வாயில் முன்னெழுத்து உதிர்ந்து, சிதைந்து, 'பென்சாயின்' ஆனது. அதிலிருந்து பென்சாயிக் அமிலம். 1830களில் மிட்ஷெர்லிக் அந்த அமிலத்தைச் சுண்ணாம்போடு சூடாக்கிப் பெற்ற திரவம்தான் பென்சீன் என்ற பெயருக்கு வழிவிட்டது. 1825இலேயே ஃபாரடே வேறு வழியில் பிரித்தெடுத்த அதே பொருள். மலாயில் அந்தப் பிசின் கெமெஞான். நாம் சாம்பிராணி என்று தணலில் போடும் பிசின்களில் அதுவும் ஒன்று.

நான் முதன்முதலாக வேலைக்குச் சேர்ந்தபோது, "அரோமாட்டிக்ஸ் பிளாண்ட்" என்று அம்மாவிடம் சொன்னேன். "அப்படின்னா? சாம்பிராணி செய்ற இடமாடா?" என்றார். அப்போது சிரித்தேன். இப்போது பார்த்தால் யார் சாம்பிராணி என்று தெரிகிறது. ஒரு கதைக்கு இது போதும் என்று நண்பரிடம் சொன்னேன். திருத்தி எழுதிக்கொண்டிருக்கிறார்.

அறிவிப்பை மறுநாளே மாற்றினேன். 'நறுமண' என்பதை எடுத்தேன். 'அரோமாட்டிக்' என்றும் எழுதவில்லை. அந்த இடத்தில் அது யாருக்கும் உதவாது. 'இங்கே பென்சீன் இருக்கிறது. இனிப்பான வாசம் வரும். வாசம் வந்தால் ஆபத்து. மாஸ்க்கைக் கழற்றாதீர்கள். இரத்தப் புற்றுநோய் வரக்கூடும்' என்று எழுதி ஒட்டினேன். புதுக்கோட்டைக்காரர் அதையும் நின்று படித்தார். "இதை மொதல்லயே இப்படி எழுதியிருக்கலாம்ல சார்" என்றார். மாஸ்க் போட்டிருந்ததால் குரல் சரியாகக் கேட்கவில்லை. இரண்டாவது முறை சொல்லச் சொல்லிக் கேட்டுக்கொண்டேன்.