பத்துக்குப் பத்து

பரணைச் சுத்தம் செய்யும்போது கிடைக்கிற பழைய பேப்பரைப் படிக்க உட்கார்ந்துவிட்டால், அன்றைக்கு வேலை நடந்த மாதிரிதான். போன ஞாயிற்றுக்கிழமை எனக்கு அதுதான் நடந்தது. பித்தளை அண்டாவுக்கு அடியில் விரித்திருந்த தாள் 2021 மே மாதத்துடையது. முழுப் பக்கத்துக்குத் தமிழக சட்டமன்றத் தேர்தல் முடிவுகள், மாவட்ட வாரியாக. மாவட்டத்தின் பெயர், மொத்தத் தொகுதிகள், இந்தக் கூட்டணிக்கு எத்தனை, அந்தக் கூட்டணிக்கு எத்தனை. அவ்வளவுதான் அட்டவணை. பக்கத்தில் இரண்டு வண்ணங்களில் ஒரு தமிழ்நாடு மேப்.

சென்னையில் 16-க்கு 16, திருச்சியில் 9-க்கு 9, இரண்டும் தி.மு.க. கூட்டணிக்கு. கோவையில் 10-க்கு 10, தர்மபுரியில் 5-க்கு 5, சேலத்தில் 11-ல் 10, இதெல்லாம் அ.தி.மு.க. கூட்டணிக்கு.

ஏணியைப் பிடித்துக்கொண்டிருந்த மச்சான் எட்டிப் பார்த்தார். "பாத்தீங்களா மாப்ளே, கோயமுத்தூர்க்காரங்க மொத்தமா அந்தப் பக்கம் சாஞ்சுட்டாங்க!"

மொத்தமாகவா?

நான் பி.காம். படித்தவன். முதல் வருடம் எங்களுக்கு அக்கவுன்டன்சி எடுத்த பேராசிரியர், ட்ரையல் பாலன்ஸ் டேலி ஆன சந்தோஷத்தில் பேனாவை மூடிவைக்கிறவர்களைப் பார்த்துச் சிரிப்பார். "ரெண்டு பக்கமும் சமமா வந்துட்டா கணக்கு சரின்னு யார் சொன்னது?" என்பார். ஒரு கணக்கில் 500 ரூபாய் கூடுதலாக எழுதி, இன்னொன்றில் 500 ரூபாய் குறைத்து எழுதியிருந்தாலும் கூட்டுத்தொகை அழகாக டேலி ஆகும். ஈடுசெய் பிழை என்று அதற்குப் பெயர். ஒரு தப்பு இன்னொரு தப்பை மறைத்துவிடும். மாவட்ட வாரி அட்டவணையைப் பார்க்கிற போதெல்லாம் அவர் ஞாபகம்தான் வருகிறது.

கோவையையே எடுத்துக்கொள்வோம். அந்தப் பத்துத் தொகுதிகளில் மூன்றில் வெற்றி வித்தியாசம் இரண்டாயிரத்தைக்கூடத் தொடவில்லை. கோவை தெற்கு 1,728. பொள்ளாச்சி 1,725. கிணத்துக்கடவு 1,095. மூன்றிலும் சேர்த்து 2,300 பேர் ஜெயித்தவருக்குப் பதில் இரண்டாவதாக வந்தவருக்குப் பட்டனை அழுத்தியிருந்தால், 10-க்கு 10 என்பது 7-2-1 ஆகியிருக்கும். அந்த 2,300 பேரை நாலைந்து கல்யாண மண்டபங்களில் உட்காரவைத்துச் சாப்பாடு போட்டுவிடலாம். ஆனால், அட்டவணையைப் படிக்கிறவருக்கு ஒரு மாவட்டமே ஒரே குரலில் பேசியது போலத் தெரிகிறது.

கோவை தெற்கு இன்னும் வேடிக்கை. பி.ஜே.பி.யின் வானதி சீனிவாசனுக்கு 53,209 ஓட்டு. மக்கள் நீதி மய்யத்தின் கமல்ஹாசனுக்கு 51,481. காங்கிரஸின் மயூரா ஜெயக்குமாருக்கு 42,383. ஜெயித்தவருக்குக் கிடைத்தது ஏறக்குறைய மூன்றில் ஒரு பங்குதான். இன்னொன்றையும் கவனியுங்கள். அங்கே இயந்திரத்தில் இரட்டை இலையும் இல்லை, உதயசூரியனும் இல்லை. இரண்டு பெரிய கட்சிகளும் தொகுதியைக் கூட்டாளிகளுக்குக் கொடுத்துவிட்டன. ஆனாலும் அட்டவணையில் அது 'அ.தி.மு.க. கூட்டணி: 1' என்றுதான் ஏறுகிறது.

சென்னை மட்டும் என்ன? அந்த 16-க்கு 16-ல் தியாகராய நகரும் உண்டு. அங்கே வித்தியாசம் வெறும் 137 ஓட்டு. ஒரு பெரிய அபார்ட்மென்ட்டில் இருக்கிறவர்கள் அன்றைக்குக் காலையில் சோம்பல்படாமல் இருந்திருந்தால் முடிவு மாறியிருக்கலாம். சென்னையில் அ.தி.மு.க. அணிக்குப் போட்ட லட்சக்கணக்கான பேருக்கு அட்டவணை கொடுத்திருக்கிற மதிப்பு, பூஜ்யம்.

இப்போது மாநிலக் கூட்டுத்தொகைக்கு வருவோம். 2021-ல் தி.மு.க. கூட்டணிக்குச் சுமார் 45 சதவிகித ஓட்டு, 159 இடங்கள். அ.தி.மு.க. கூட்டணிக்குச் சுமார் 40 சதவிகித ஓட்டு, 75 இடங்கள். ஓட்டில் ஆறு சதவிகிதத்துக்குள் வித்தியாசம், இடத்தில் 84. இதுவே பெரிய இடைவெளிதான். ஆனால், சென்னையிலும் திருச்சியிலும் காணாமல் போன அ.தி.மு.க. ஓட்டுகளை, கோவையிலும் தர்மபுரியிலும் காணாமல் போன தி.மு.க. ஓட்டுகள் ஓரளவு ஈடுகட்டிவிட்டன. ஈடுசெய் பிழை வேலை செய்ததால்தான் 75-ஆவது தேறியது.

அந்தப் பிழைகள் ஒன்றையொன்று ஈடுகட்டாத வருடங்களும் உண்டு. 1991-ல் தி.மு.க.வுக்குச் சுமார் 22 சதவிகித ஓட்டு. கிடைத்த இடங்கள் இரண்டே இரண்டு. ஐந்து வருடம் கழித்து, 1996-ல் அ.தி.மு.க.வுக்குச் சுமார் 21 சதவிகிதம். கிடைத்தவை நான்கு. ஜெயலலிதாவே பர்கூரில் தோற்றார். இரண்டு முறையும் ஐந்தில் ஒருவருக்கு மேல் அந்தக் கட்சிக்கு ஓட்டுப் போட்டிருந்தார்கள். மேப்பில் தேடினால் பூதக்கண்ணாடி வேண்டும். அன்றைக்கே 'கட்சி முடிந்தது' என்று எழுதியவர்கள் ஏமாந்து போனார்கள். 1991-ல் இரண்டு இடம் வாங்கியவர்கள் 1996-ல் ஆட்சிக்கு வந்தார்கள். 1996-ல் நான்கு இடம் வாங்கியவர்கள் 2001-ல் வந்தார்கள். ஓட்டு எங்கேயும் போய்விடவில்லை. அட்டவணைக்குத்தான் அது தெரியவில்லை.

அடுத்து, நம் அரசியல் விமர்சகர்களின் செல்லச் சொல்: கோட்டை. கொங்கு இவர்கள் கோட்டை, சென்னை அவர்கள் கோட்டை. சரி, அந்தச் சென்னைக் கோட்டை 2011-ல் என்ன ஆயிற்று? 16-ல் 14 அ.தி.மு.க. கூட்டணிக்கு. கொளத்தூரும் சேப்பாக்கமும்தான் தி.மு.க.வுக்கு மிஞ்சின. 2016-ல் தி.மு.க. கூட்டணிக்கு 10. 2021-ல் 16. பத்து வருடத்தில் 2, 10, 16. இப்படி ஏறி இறங்குகிற ஒன்றைக் கோட்டை என்பீர்களா, ஷேர் மார்க்கெட் என்பீர்களா?

கோவைக் கோட்டையின் கதை இன்னும் சின்னது. சட்டமன்றத்தில் 10-க்கு 10 வந்து ஒன்பதே மாதம். 2022 பிப்ரவரியில் மாநகராட்சித் தேர்தல். 100 வார்டுகளில் 96 தி.மு.க. கூட்டணிக்கு. உள்ளாட்சித் தேர்தலில் ஆளுங்கட்சிப் பக்கம் காற்றடிப்பது வழக்கம்தான். மாநகராட்சி என்பது மாவட்டம் முழுவதும் இல்லை என்பதும் சரிதான். ஆனால், அதே தெருக்களில் அதே ஜனங்கள்தானே? உடனே மேப்பின் வண்ணத்தை மாற்றிக் கொண்டாடினார்கள். இந்த முறை காணாமல் போனவர்கள், இரட்டை இலைக்காரர்கள். பொய் ஒன்றேதான், ஆள்தான் வேறு.

இன்னொரு சங்கடமும் இருக்கிறது. அட்டவணையின் இடது ஓரத்தில் இருக்கிற 'மாவட்டம்' என்பதே நிலையான சங்கதி இல்லை. 2016 தேர்தலின்போது தமிழ்நாட்டில் மாவட்டங்கள் 32. 2021-ல் 38. பழைய வேலூர் மாவட்டத்தில் 13 தொகுதிகள் இருந்தன. ராணிப்பேட்டை, திருப்பத்தூர் என்று பிரித்த பிறகு வேலூரில் மிச்சம் 5. 'வேலூரில் போன முறை எத்தனை, இந்த முறை எத்தனை' என்று ஒப்பிடுவது, பாகம் பிரித்த பிறகு அண்ணன் கடை வியாபாரம் குறைந்துவிட்டது என்று சொல்வது போல. மாவட்டம் என்பது கலெக்டருக்கான எல்லை. யாரும் மாவட்டத்துக்கு ஓட்டுப் போடுவதில்லை.

"ஒரு அட்டவணைக்கு இவ்வளவு கோபமா மாப்ளே?" என்றார் மச்சான். நியாயமான கேள்விதான்.

கோபத்துக்குக் காரணம், அதே மே மாதக் கடைசி. கொரோனா இரண்டாவது அலை. அன்றாடத் தொற்று எண்ணிக்கையில் கோவை, சென்னையை முந்தியது. படுக்கைக்கும் ஆக்ஸிஜனுக்கும் ஜனங்கள் அலைந்துகொண்டிருந்த நேரம். அப்போது நடந்த விவாதம் என்ன தெரியுமா? ஆளுங்கட்சிக்கு அங்கே ஒரு எம்.எல்.ஏ. கூட இல்லை, அதனால்தான் கண்டுகொள்ளவில்லை என்று ஒரு தரப்பு. ஓட்டுப் போடாத ஊர்தானே என்கிற தொனியில் செல்போனில் கிண்டலடித்த இன்னொரு தரப்பு. அந்த மாதம்தான் முதல்வராகப் பதவியேற்றிருந்த ஸ்டாலின் மே 30-ம் தேதி கோவை ஈ.எஸ்.ஐ. மருத்துவமனைக்குப் போய், கவச உடையோடு நோயாளிகளைப் பார்த்தார். எந்த ஊரையும் ஒதுக்கவில்லை என்று விளக்கமும் சொல்ல வேண்டியிருந்தது. ஒரு முதல்வரை இப்படி விளக்கம் சொல்ல வைத்தது எது? அந்த '10-க்கு 10'.

அந்த வார்டில் மூச்சுக்குத் திணறியவர்களில் எத்தனை பேர் உதயசூரியனுக்குப் போட்டவர்கள், எத்தனை பேர் இரட்டை இலைக்குப் போட்டவர்கள், எத்தனை பேர் ஓட்டே போடாதவர்கள்? யாருக்கும் தெரியாது. தெரியவும் கூடாது. அதற்குத்தானே ரகசிய வாக்கு? ஆனால், மாவட்டத்துக்கு ஒரு வண்ணம் பூசிய அன்றே, அங்கே இருக்கிற ஒவ்வொரு மனிதனின் நெற்றியிலும் அந்த வண்ணத்தைப் பூசிவிட்டோம்.

தேர்தல் முறையையே மாற்ற வேண்டும், ஓட்டு விகிதத்துக்குத் தக்கபடி இடம் தர வேண்டும் என்று சொல்கிறவர்கள் இருக்கிறார்கள். அதில் நியாயம் உண்டு. 2021-ல் நாம் தமிழர் கட்சிக்குச் சுமார் ஆறரை சதவிகிதம், இடம் பூஜ்யம். காங்கிரஸுக்குச் சுமார் நாலேகால் சதவிகிதம், இடம் 18. முன்னவர்கள் 234-லும் தனியாக நின்றார்கள், பின்னவர்கள் 25-ல் மட்டும், அதுவும் பெரிய கூட்டணியின் தோளில் நின்றார்கள் என்பதையும் சேர்த்துத்தான் சொல்ல வேண்டும். விகிதாசாரத்தில் நிலையான ஆட்சி கிடைக்குமா என்ற பயமும் பொய்யில்லை. அது பெரிய வழக்கு. அதை இங்கே தீர்க்க முடியாது.

நான் கேட்பது சின்ன விஷயம். அந்த அட்டவணையில் இன்னும் இரண்டு காலம் சேருங்கள் சார். மாவட்டத்தில் ஒவ்வொரு அணிக்கும் விழுந்த மொத்த ஓட்டு எத்தனை என்று ஒன்று, ஐயாயிரத்துக்குள் முடிவான தொகுதிகள் எத்தனை என்று இன்னொன்று. தேர்தல் கமிஷன் பூத் வாரியாகவே ஓட்டுக் கணக்கை வெளியிடுகிறது. படிவம் 20 என்று பெயர். எடுத்துக் கூட்டுவதற்கு ஒரு பி.காம். பையன் போதும்.

"அப்ப கோயமுத்தூர் யாரு கோட்டைன்னுதான் சொல்றீங்க?" என்றார் மச்சான் விடாமல்.

"கோட்டையெல்லாம் இல்ல மச்சான். அங்க எல்லாக் கட்சிக்காரங்களும் பக்கத்துப் பக்கத்து வீட்ல இருக்காங்க. நம்ம தெரு மாதிரி."

அண்டாவுக்கு வேறு பேப்பர் போட்டாயிற்று. அந்தத் தாளில் கோவைக்கு நேராகப் பென்சிலால் 1,728, 1,725, 1,095 என்று எழுதி ஃபைலில் வைத்திருக்கிறேன்.